மிஷின் ஓடுதுங்களா?

திருப்பூர் வட்டாரத்து வீடியோக்காரர்களின் வாட்ஸ்அப் குழு ஒன்றில் இன்னமும் என்னை வைத்திருக்கிறார்கள். கல்யாண வீடியோ எடிட்டிங் வேலையை விட்டு ஒதுங்கிய பிறகும் யாரும் என்னை நீக்கவில்லை, நானும் வெளியேறவில்லை. போன மாதம் அதில் ஒரு பெண் கேட்டிருந்தாள். "செல்வியக்கா, நம்மளாட்ட சொந்தமா தொழில் பண்றவங்க பொழப்பை உள்ளபடி காட்டுற படம் எதுன்னு சொல்லுங்க. மாசக் கூட்டத்துல போட்டுப் பாக்கலாம்னு இருக்கறோம்."

நல்ல கேள்விதான். ஆனால் எனக்குப் பதில் தெரியவில்லை. நான் பார்த்த படங்களில் சொந்தத் தொழில் செய்கிறவன் பாட்டு ஆரம்பிக்கும்போது ஒரு மிஷின் வாங்குவான், பாட்டு முடியும்போது காரிலிருந்து இறங்குவான். இல்லையென்றால் கடன்பட்டு, தாடி வளர்த்து, ரயில் பாதையோரம் நடப்பான். இப்போது மூன்றாவதாக ஒரு தினுசு வந்திருக்கிறது. மலைமேல் ஒரு காபிக் கடை, மடியில் லேப்டாப், மேலதிகாரி கிடையாது, முகத்தில் ஓயாத சிரிப்பு. இந்த மூன்றிலும் ஒன்றை மட்டும் காட்டவே மாட்டார்கள். அது வேலை வருமா வராதா என்று தெரியாமல் சும்மா உட்கார்ந்திருப்பது. நம் பிழைப்பில் பாதி அதுதான். அதைக் காட்டினால் தியேட்டரில் எவன் உட்காருவான் என்று என் கணவர் கேட்பார். அவர் கேட்பதும் நியாயம்தான்.

ஆனால் அப்படி ஒரு படத்தை நான் வெட்டி ஒட்டியிருக்கிறேன். தியேட்டருக்கோ டிவிக்கோ வராத படம் அது, எங்கே தேடினாலும் கிடைக்காது. அதனால் படத்தைச் சொல்வதற்குப் பதிலாக அது உருவான கதையைச் சொல்கிறேன்.

நான் வேலை பழகியது ராயபுரத்தில் ஒரு ஸ்டுடியோவில். இரண்டு வீடியோ டெக்கை வைத்துக்கொண்டு ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குப் பதிவுசெய்கிற காலம் அது. ஸ்டுடியோ அண்ணன் எனக்குச் சொல்லிக்கொடுத்தது ஒன்றே ஒன்றுதான். வேலைக்கு உட்கார்ந்ததும் டிவியின் மேல் ஒரு துண்டைப் போட்டு மூடிவிடுவார். "மொதல்ல காதுல பாரு கண்ணு" என்பார். கல்யாணத்தில் இரண்டு கேமரா வைத்திருப்பார்கள், இரண்டும் வெவ்வேறு நேரத்தில் ஓட ஆரம்பித்திருக்கும். கெட்டிமேளத்தின் முதல் அடி எங்கே விழுகிறது என்று இரண்டிலும் பிடித்துவிட்டால் இரண்டும் இணைந்துவிடும். அப்புறம் துண்டை எடுத்துவிடலாம். கம்ப்யூட்டர் வந்த பிறகும் நான் அந்தப் பழக்கத்தை விடவில்லை.

ஸ்டுடியோ சுருங்கியதும் ஒரு கம்ப்யூட்டர் வாங்கி வீட்டு முன்னறையில் போட்டுக்கொண்டேன். நாலைந்து ஸ்டுடியோக்காரர்கள் கல்யாணங்களை அனுப்புவார்கள். என்னைப் பொறுத்தவரை அது சொந்தத் தொழில். சொந்தக்காரர்களைப் பொறுத்தவரை நான் வீட்டில் சும்மா இருக்கிறவள். தெருவில் யார் வெளியூர் போனாலும் கேஸ் சிலிண்டரை என் வீட்டில்தான் இறக்கச் சொல்வார்கள். "செல்வி ஊட்டுலதானுங்க இருக்குது" என்று சிலிண்டர்காரரிடம் சொல்வது எனக்கே கேட்கும். பற்றிக்கொண்டு வரும். நாளை காலை தரவேண்டிய ரிசப்ஷன் பாதியில் நிற்கும், நான் சிலிண்டருக்குக் கதவைத் திறந்துகொண்டிருப்பேன்.

ஆடியிலும் மார்கழியிலும் கல்யாணம் கிடையாது. அந்த மாதங்களில்தான் நிஜமாகவே சும்மா இருப்பேன். அப்போது போன் வந்தால் முதல் மணியிலேயே எடுக்கக் கூடாது என்பது என் கணவர் சொன்ன யோசனை. பக்கத்திலேயே நின்றுகொண்டு அது சித்த நேரம் அடிக்கட்டும் என்று விடுவேன். எடுத்ததும், "கொஞ்சம் டைட்டாத்தானுங்க இருக்குது, எப்படியும் பாத்து முடிச்சுத் தர்றனுங்க" என்பேன். காலையிலிருந்து ஈ ஓட்டிக்கொண்டிருந்தவள் பேசுகிற பேச்சு அது. வேலை இல்லாதவளுக்கு யாரும் வேலை கொடுக்க மாட்டார்கள். இது எனக்கு மட்டும் தெரிந்த சூட்சுமம் என்று ரொம்ப நாள் நினைத்துக்கொண்டிருந்தேன்.

இளங்கோ என்னைத் தேடி வந்தது நான் ஓய்வு பெறுவதற்குச் சில வருடங்களுக்கு முன்பு. அவருடைய அப்பா அம்மா திருநெல்வேலிப் பக்கமிருந்து பனியன் கம்பெனிக்குத் தைக்க வந்தவர்கள். இவர் இங்கே வளர்ந்து, சென்னைக்குப் போய் விளம்பரப் படங்கள் எடுத்துக்கொண்டிருந்தார். மாதச் சம்பளம் கிடையாது. யாராவது கூப்பிட்டால் ஒரு படம், கூப்பிடாவிட்டால் இல்லை. அப்படிக் கூப்பிடாத நாட்களில் சொந்தக் கேமராவை எடுத்துக்கொண்டு ஊருக்கு வந்து ஒரு படம் எடுத்திருந்தார்.

"ஆபீசும் கெடையாது, மொதலாளியும் கெடையாது. தானே பொழச்சுக்கிடுத ஆளுங்களப் பத்தின படம்க்கா. நீங்கதான் வெட்டித் தரணும்" என்றார்.

அவரைப் போல ஒரு டைரக்டரோடு நான் அதற்கு முன் உட்கார்ந்ததில்லை. நாற்காலி போட்டால் உட்கார மாட்டார். பீரோவில் முதுகைச் சாய்த்துத் தரையில் உட்காருவார். சத்தமாக ஒரு வார்த்தை பேச மாட்டார். நான் ஒரு ஷாட்டைக் காட்டி, நீளமாக இருக்கிறதே என்றால், "இருக்கட்டும்க்கா" என்பார். இருட்டாக இருக்கிறதே என்றாலும் அதே பதில்தான். எதிர்த்துப் பேசுகிற ஆளிடம் சண்டை போடலாம், இவரிடம் என்ன செய்ய முடியும்? ஆனால் வெட்ட வேண்டிய இடம் வந்ததும் வலது கையை முழங்காலில் ஒரு தட்டு தட்டுவார். அந்தத் தட்டு ஒருநாளும் தப்பியதில்லை. அதனாலேயே அவர் சொன்னபடி கேட்டேன்.

படத்தில் பல பேர் வந்தாலும் நடுநாயகமாக இருந்தது தெய்வானை என்கிற பெண்மணிதான். நெசவுக் குடும்பத்தில் பிறந்தவர். அருள்புரத்தில் தகரக் கூரை போட்ட ஒரு நீளமான அறையில் எட்டுத் தையல் மிஷின்களை வரிசையாகப் போட்டு நடத்திவந்தார். இங்கே அதைப் பவர் டேபிள் என்போம். பெரிய கம்பெனிகள் துணியை வெட்டி, பீஸாகக் கட்டி அனுப்பும். இவர் ஆள் வைத்துத் தைத்துத் திருப்பிக் கொடுப்பார். அவருக்கு முதலாளி யாரும் இல்லை, அவரும் முதலாளி இல்லை.

தெய்வானையின் காட்சிகளை வழக்கம்போல முதலில் காதால் பார்த்தேன். திரையை அணைத்துவிட்டு ஒலியை மட்டும் ஓடவிட்டேன். ஓர் இடத்தில் ஒரு சத்தமும் இல்லை. மின்விசிறியும், தூரத்தில் பல்லடம் ரோட்டு லாரிகளும்தான் கேட்டன. திரையைப் போட்டால் எட்டு மிஷின்களும் நிற்கின்றன. ஒன்றின் முன்னால் தெய்வானை உட்கார்ந்து வாசலைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். கம்பெனியிலிருந்து பீஸ் வரவில்லை. அவ்வளவுதான் காட்சி. அது பாட்டுக்கு நீண்டுகொண்டே போனது. நான் கேட்பதற்கு முன்பே, "இருக்கட்டும்க்கா" என்று கீழேயிருந்து குரல் வந்தது.

அதற்கடுத்த காட்சியில் போன் அடிக்கிறது. தெய்வானை போனைக் காதில் வைத்துக்கொண்டு விறுவிறுவென்று, துணி ஓரம் தைக்கிற ஓவர்லாக் மிஷினுக்குப் போய், ஸ்விட்சைப் போட்டு, ஒரு வேஸ்ட் துணியை உள்ளே விட்டுக் காலால் அமுக்குகிறார். மிஷின் கடகடவென்று ஓடுகிறது. அந்தச் சத்தத்தில் பேச்சே கேட்கவில்லை.

"சவுண்டு கெட்டுப்போச்சுக்கா. இது வேண்டாம்" என்றார் இளங்கோ.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஒலியை வடிகட்டித் தெய்வானை பேசுவதை மட்டும் மேலே கொண்டுவந்தேன். "ஓடிட்டுத்தானுங்க சார் இருக்குது. ஆளெல்லாம் ஃபுல்லா இருக்கறாங்க. நீங்க பீஸை அனுப்பி வெய்யுங்க" என்கிறார் தெய்வானை. அறையில் அவரைத் தவிர ஒருவரும் இல்லை. போனை வைக்கிறார், காலை எடுக்கிறார், மிஷின் நிற்கிறது.

பவர் டேபிள்காரர்களுக்குப் போன் போடும் கம்பெனி மேனேஜர்கள் பேச்சைக் கேட்பதில்லை, பின்னால் ஓடும் சத்தத்தைத்தான் கேட்பார்கள். சத்தம் இல்லையென்றால் ஆள் இல்லை என்று அர்த்தம். ஆள் இல்லாத இடத்துக்குப் பீஸ் அனுப்ப மாட்டார்கள். டெய்லர்களோ, பீஸ் வராத இடத்தில் அடுத்த வாரம் இருக்க மாட்டார்கள், பக்கத்து யூனிட்டுக்குப் போய்விடுவார்கள். டெய்லர் இருந்தால்தான் பீஸ் வரும், பீஸ் வந்தால்தான் டெய்லர் இருப்பார். நடுவில் தெய்வானை வேஸ்ட் துணியைத் தைத்துக்கொண்டு இரண்டையும் பிடித்து வைத்திருக்கிறார்.

இதை நான் சொல்லி முடித்ததும் இளங்கோ எழுந்தேவிட்டார். "ஐயோ அக்கா, இதுதானே படம்!"

அன்று அந்த இரண்டு காட்சிகளையும் சேர்த்தேன். எட்டு மிஷின்களின் அமைதி. போன் மணி. ஓட்டம். பொய். மறுபடி அமைதி. அந்த இரண்டாவது அமைதி முதல் அமைதி மாதிரியே இல்லை. பெருமைக்குச் சொல்லவில்லை, என் வேலைக்காலம் முழுவதிலும் நான் செய்த வெட்டுகளில் அதைவிட நல்லது கிடையாது. ஆயிரம் தாலிகட்டை ஒட்டியவளுக்கு அப்படி ஒன்று கைகூடியது. அன்றைக்குச் சமைக்கக்கூடத் தோன்றவில்லை, திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தேன்.

வெளியே போடுவதற்கு முன்னால் காட்டுவதாகத் தெய்வானையிடம் இளங்கோ வாக்குக் கொடுத்திருந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை தெய்வானை என் வீட்டுக்கு வந்தார். ஊத்துக்குளிப் பக்கம் ஒரு விசேஷத்துக்குப் போய்விட்டு வருவதாகச் சொல்லி ஒரு பொட்டலம் வெண்ணெய் கொடுத்தார். திரையில் தன்னைப் பார்த்ததும் சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். போன் காட்சி வந்ததும் சிரிப்பு நின்றது.

"நல்லாத்தானுங்க இருக்குது. யாரு இதைக் கண்டுபிடிச்சது?"

"நான்தானுங்க" என்றேன். பெருமை பாதி, பயம் பாதி.

"திருப்பூர்க்காரிங்களா நீங்க?" என்று என்னை ஒரு பார்வை பார்த்தார். பிறகு இளங்கோவிடம் திரும்பினார். "ஏனுங் தம்பி, இது வெளிய போச்சுன்னா நான் எட்டு மிஷினையும் எடைக்குத்தான் போடோணும்."

"உங்க கஷ்டம் நாலு பேருக்குத் தெரியட்டும்னுதானக்கா எடுத்தேன்?"

"கஷ்டத்தைச் சொல்லுங்க, வேண்டாங்கலை. எம்பட பொய்யைச் சொல்லிப்போடாதீங்க. மேனேஜர் இதைப் பாத்துப்போட்டாருன்னா அடுத்த தடவை மிஷின் நெசமா ஓடுனாலும் நம்ப மாட்டாரு. எனக்கு மட்டுமில்லீங்க, இந்த ஊருல பவர் டேபிள் வெச்சிருக்கற எல்லார்த்துக்கும் அதே கெதிதான்."

"ஆனா அதுதானக்கா உண்மை? அத போயி தூக்கச் சொல்லுதியளே."

"உண்மைதானுங்க. ஆனா அதை வெளிய விட்டா யாருங்க வந்து எனக்குப் பீஸ் தருவாங்க?"

இளங்கோ விட்டுக்கொடுக்க மாட்டார் என்றுதான் எனக்குத் தோன்றியது. அவரும் மாதக்கணக்கில் வேறு வேலை இல்லாமல், இந்த ஒரு படத்தை நம்பித்தான் இருந்தார். அந்தக் காட்சி இல்லாவிட்டால் அது சாதாரணப் படம் என்பது எங்கள் இருவருக்கும் தெரியும். யார் பக்கம் பேசுவது என்று தெரியாமல் நான் திரையையே பார்த்துக்கொண்டிருந்தேன். சொல்லப்போனால், அந்த வெட்டை விட எனக்கும் மனசு வரவில்லை.

அப்போது இளங்கோவின் போன் அடித்தது. சென்னை நம்பர். உடனே எடுக்கவில்லை. கொஞ்சம் அடிக்கவிட்டுப் பிறகு எடுத்தார். எடுத்ததும் குரலே மாறிவிட்டது.

"சொல்லுங்க சார்... இந்த வாரமா? இந்த வாரம் ஃப்ரீயா இல்லையே சார். எடிட்ல உக்காந்திருக்கேன். ரெண்டு படம் ஒரே நேரத்துல போய்க்கிட்டிருக்கு."

பேசிக்கொண்டே இடது கையால் எனக்கு ஜாடை காட்டினார். ஸ்பீக்கரைக் கூட்டு என்கிறார். டைரக்டர் ஜாடை காட்டினால் செய்துதான் எனக்குப் பழக்கம். மிஷின் ஓடும் இடத்தை மறுபடி ஓடவிட்டுக் கூட்டினேன். தெய்வானையின் ஓவர்லாக் மிஷின் என் முன்னறை முழுக்கக் கடகடவென்று ஓடியது.

"கேக்குதா சார்? அதான், வேலை நடந்துக்கிட்டிருக்கு. வியாழக்கிழமைக்கு மேல பாத்துச் சொல்லட்டுமா?"

போனை வைத்துவிட்டுத் திரும்பினால், தெய்வானை அவரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஏனுங் தம்பி, உங்களுக்கும் பவர் டேபிள் இருக்குதாட்ட இருக்குது?"

எனக்கு அடக்க முடியவில்லை. தெய்வானையும் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார். இளங்கோ மட்டும் சிரிக்கவில்லை. காதெல்லாம் சிவந்து போய், பீரோவில் சாய்ந்து தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு மெல்ல, "அந்த ரெண்டு காட்சியையும் எடுத்துருங்க அக்கா. டிஸ்கிலருந்தே அழிச்சிருங்க. அவங்க முன்னாடியே அழிங்க" என்றார்.

அழித்தேன். தெய்வானை பக்கத்தில் நின்று, "போயிருச்சுங்களா? திரும்பி வராதுங்களா?" என்று கேட்டுக் கேட்டு உறுதிசெய்துகொண்டார். போகும்போது என் கையைப் பிடித்து ஒரு அழுத்து அழுத்தினார்.

படத்தின் நடுவில் இப்போது ஒரு ஓட்டை. அதை எப்படி அடைப்பது என்று நான் கேட்டேன். இளங்கோ கேமராவை எடுத்து அறை மூலையில் ஸ்டாண்டு போட்டு, தன்னை நோக்கித் திருப்பி ஓடவிட்டார். தெய்வானை சொன்ன பொய்யை இனி தானே சொல்லப் போவதாகவும், ஆனால் நடிக்கப் போவதில்லை, நிஜமாக ஒரு போன் வரும்வரை காத்திருக்கப் போவதாகவும் சொன்னார்.

வேண்டுமென்று காத்திருந்தால் எந்தப் போன் வரும்? அன்றைக்கு வரவில்லை. மறுநாளும் வரவில்லை. இளங்கோ பீரோவில் சாய்ந்து கிடக்கிறார், போனை எடுத்துப் பார்க்கிறார், சிக்னல் இருக்கிறதா என்று பார்க்கிறார், கவிழ்த்து வைக்கிறார், மறுபடி எடுக்கிறார். கேமரா பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது. நான் நடுவில் கீரை ஆய்ந்தேன். பக்கத்து வீட்டு சிலிண்டர் வந்தது, வாங்கி வைத்தேன். கடைசியில் ஒரு போன் வந்தது, அவரும் அதே குரலில் அதே பொய்யைச் சொன்னார், நானும் மிஷின் ஓடுகிற வேறொரு காட்சியைப் போட்டு ஸ்பீக்கரைக் கூட்டினேன். ஆனால் எங்களுக்கு அதற்குள் தெரிந்துவிட்டது, போன் வராத அந்த நேரம்தான் காட்சி என்று. அதைத்தான் நீளமாக வைத்தோம். கடைசியில் அந்தப் பொய்யையும் வைத்தோம்.

"விளம்பரக்காரங்க பாத்தா என்ன பண்ணுவீங்க?" என்று கேட்டேன்.

"இருக்கட்டும்க்கா" என்றார். அந்த ஒரு முறைதான் அவர் குரல் கொஞ்சம் ஆடியது. பிற்பாடு அவர்களில் ஒருவர் பார்த்தார், அதன் பிறகு கூப்பிடவும் இல்லை. அதையும் சொல்லிவிட வேண்டும்.

படத்தை முதன்முதலாகத் திருப்பூரில்தான் போட்டோம். ஒரு கல்யாண மண்டபத்தின் சின்ன ஹால், ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம். பவர் டேபிள் வைத்திருப்பவர்கள், அயர்னிங் காண்ட்ராக்ட் எடுப்பவர்கள், காஜா பட்டன் அடிப்பவர்கள் என்று எல்லோரும் தங்களைப் பார்க்க வந்திருந்தார்கள். தெய்வானை முன்வரிசையில், வலதுபக்க ஸ்பீக்கருக்கு நேர் கீழே உட்கார்ந்திருந்தார். நானும் இளங்கோவும் பின்னால் லேப்டாப் பக்கத்தில் இருந்தோம்.

தெய்வானையின் யூனிட் திரையில் வந்தது. எட்டு மிஷின்களும் ஆளோடு ஓடுகிற காட்சி, வேலை இருந்த ஒரு நாளில் எடுத்தது. திரையில் தெய்வானை மிஷின்களுக்கு நடுவே நடந்துகொண்டிருக்க, கீழே தெய்வானையின் போன் அடித்தது. எடுத்து யாரென்று பார்த்தார். எழுந்து வெளியே ஓடுவார் என்று நினைத்தேன். ஓடவில்லை.

"சொல்லுங்க சார். ஆமாங்க, யூனிட்டுலதானுங்க இருக்கறேன். ஞாயித்துக்கெழமைதானுங்க, இருந்தாலும் ஓட்டிட்டுத்தான் இருக்கறமுங்க. கேக்குதுங்களா?"

போனை ஸ்பீக்கரை நோக்கித் தூக்கிப் பிடித்தார்.

ஹாலில் அதுவரை தங்களையும் தெரிந்தவர்களையும் திரையில் அடையாளம் காட்டி ஒரே பேச்சும் சிரிப்புமாக இருந்தது. அத்தனையும் ஒரே நொடியில் நின்றுவிட்டது. யாரும் யாருக்கும் ஜாடை காட்டவில்லை, யாருக்கும் எதுவும் விளக்க வேண்டியிருக்கவில்லை. அழ ஆரம்பித்த ஒரு குழந்தையை அதன் அம்மா மாரோடு அணைத்து வாயைப் பொத்தினாள். எட்டு மிஷின்களின் சத்தம் மட்டும் ஹாலில் ஓடியது.

அந்த ஷாட் எங்கே முடிகிறது என்று எனக்குத் தெரியும். வெட்டியவள் நான்தானே. இதோ முடியப் போகிறது. அடுத்து வருவது என் முன்னறை, போன் வராத இளங்கோ, அந்த நீளமான அமைதி. மேனேஜர் இன்னும் லைனில் இருக்கிறார், தெய்வானை இன்னும் கையை இறக்கவில்லை.

இளங்கோவைத் தொட்டேன். அவர் கை ஏற்கெனவே லேப்டாப்பில் இருந்தது. ஷாட் முடிவதற்குள் அதன் ஆரம்பத்துக்கு இழுத்துவிட்டார். ஒரு கணம் சத்தம் தடுக்கியது, டெய்லர் துணியைத் திருப்பக் காலை எடுத்தால் கேட்பது போலத்தான். திரையில் தெய்வானை மறுபடி அதே இடத்திலிருந்து நடக்க ஆரம்பித்தார். அது முடியப் போனதும் இளங்கோ இன்னொரு தரம் இழுத்தார். ஒரு ஃப்ரேமைக் குறைக்கவும் சம்மதிக்காத மனிதர், தன் படத்தை ஊரைக் கூட்டி வைத்துக்கொண்டு முன்னும் பின்னுமாக இழுத்துக்கொண்டிருந்தார். பார்க்க வந்தவர்கள் அத்தனை பேரும் அதே காட்சியை மூச்சுக் காட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"சரீங்க சார். காலைல அனுப்பிருங்க. ஆளு ரெடியா இருக்குதுங்க." தெய்வானை போனை மடியில் வைத்துக்கொண்டார். தலைப்பால் முகத்தைத் துடைத்தார். பிறகு பின்னால் திரும்பி, அந்த ஹாலுக்கே கேட்கும்படி சொன்னார்.

"போதுமுங் தம்பி. இனிப் படத்தை ஓட்டுங்க."